எல்லாக் கடவுளருக்கும் ஒரு சாடி தேன்

“எல்லாக் கடவுளருக்கும் தேன், சாடி 1. லாபிரிந்த்தின் தலைவிக்குத் தேன், சாடி 1.”

கிரீட் தீவில் நோசஸ் அரண்மனையின் இடிபாடுகளில் கிடைத்த ஒரு களிமண் பலகையில் இருப்பது இவ்வளவுதான். வயது 3,300 வருடத்துக்கு மேல். ஆராய்ச்சியாளர்கள் அதற்கு ஜிஜி 702 என்று எண் கொடுத்திருக்கிறார்கள். முதல் தடவை இதைப் படித்தபோது எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நான் ஒரு மளிகை மொத்தக் கடையில் 22 வருடம் கணக்கு எழுதியவன். எல்லாக் கடவுளரும் சேர்ந்து ஒரு சாடி, ஒரே ஒருத்திக்குத் தனியாக ஒரு சாடி! இந்தப் பங்கீட்டின் தத்துவத்தைப் பற்றி அந்தக் கணக்கப்பிள்ளை ஒரு நொடிகூட யோசித்திருக்க மாட்டார். மேலிருந்து சொன்னார்கள், பற்று எழுதினார். ‘எல்லாக் கடவுளருக்கும்’ என்ற தலைப்பைப் பார்த்தால் எங்கள் பேரேட்டில் கடைசியாக வரும் ‘இதர செலவுகள்’ நினைவுக்கு வருகிறது. யாராவது விட்டுப்போய்க் கோபித்துக்கொள்ளக் கூடாது அல்லவா?

மூன்று வருடம் முன்பு மகள் வேலை விஷயமாக ஏதென்ஸ் போனபோது என்னையும் கூட்டிக்கொண்டு போனாள். அவள் மீட்டிங்கில் இருந்த நாள்களில் நான் தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்தில் சுற்றிக்கொண்டிருந்தேன். மைசீனியின் தங்க முகமூடி முன்னால் ஒரே கூட்டம். நானும் எட்டிப் பார்த்தேன். பிறகு அவ்வளவு கூட்டமில்லாத ஒரு கண்ணாடிப் பெட்டிக்குப் போனேன். அதில் பைலோஸ் என்ற ஊரின் களிமண் பலகைகள். சில ஓலை நறுக்குப் போல நீளம், சில நோட்டுப் பக்கம் போல அகலம். வரி வரியாகக் கோடு, கோட்டின் மேல் எழுத்து, வரி முடிவில் எண். என்ன எழுத்து, என்ன மொழி என்று எதுவும் தெரியாமலே, இது பேரேடு என்று பார்த்ததும் தெரிந்துவிட்டது. அன்று பிடித்த பைத்தியம் இன்னும் விடவில்லை.

முதலில் ஆள் அடையாளம் சொல்லிவிடுகிறேன். மினோவர் கிரீட் தீவுக்காரர்கள். கி.மு. 1900 வாக்கில் நோசஸ், ஃபைஸ்டோஸ், மாலியா ஆகிய ஊர்களில் பெரிய அரண்மனைகள் கட்டினார்கள். கிரேக்கப் பெருநிலத்தில் மைசீனி, பைலோஸ், டிரின்ஸ், தீப்ஸ் என்று கோட்டையும் அரண்மனையுமாக எழுந்தவர்கள் மைசீனியர். அவர்கள் பேசியது கிரேக்க மொழியின் மிகப் பழைய வடிவம். மினோவர் பேசியது கிரேக்கம் இல்லை. என்ன மொழி என்பது இன்றுவரை புதிர். இரண்டு பெயரும் பிற்காலத்தார் வைத்ததுதான். கதையில் வரும் மினோஸ் ராஜாவின் பெயரை வைத்துத் தீவுக்காரர்களை நாம் மினோவர் என்கிறோம். எகிப்தியர் அவர்களைக் கெஃப்தியு என்றார்கள். 2017-இல் வெளியான மரபணு ஆய்வின்படி இரு கூட்டத்துக்கும் முன்னோர் பெரும்பாலும் ஒன்றே: முக்கால் பங்குக்கு மேல் ஏஜியன் கரைகளிலும் மேற்கு அனத்தோலியாவிலும் வாழ்ந்த முதல் உழவர்கள். மைசீனியருக்கு மட்டும் வடக்கிலிருந்து கொஞ்சம் கூடுதல் கலப்பு. ஆகவே இது பங்காளி வீட்டுக் கதை என்றே வைத்துக்கொள்ளலாம்.

மினோவரின் சாமிகளைப் பற்றி நமக்குத் தெரிந்ததாகச் சொல்லப்படுவதில் பெரும்பகுதி படங்களை வைத்துச் சொல்வது. சுவரோவியம், முத்திரை மோதிரம், சிலை. பேச்சு இல்லை, படம் மட்டும். பேச்சில்லாத படத்துக்கு யார் வேண்டுமானாலும் குரல் கொடுக்கலாம். ஆர்தர் எவன்ஸ் கொடுத்தார்.

1900-இல் நோசஸைத் தோண்டத் தொடங்கியவர் எவன்ஸ். அவருக்கு முன்பே, 1878-இல், ஹெராக்லியன் வியாபாரி மினோஸ் கலோகைரினோஸ் அங்கே குழி வெட்டிப் பெரிய பெரிய குதிர்ச்சாடிகளை வெளியே எடுத்திருந்தார். ராஜாவின் பெயரே அவருக்கும் இருந்தது வேடிக்கை. எவன்ஸ் பணக்காரர். நிலத்தையே விலைக்கு வாங்கினார். தோண்டியதோடு நிற்காமல் இடிந்த சுவர்களை எழுப்பினார், கான்கிரீட் போட்டார், தூண்களுக்குச் சிவப்பும் கறுப்பும் அடித்தார். இன்று நோசஸ் போகிறவர்கள் படம் எடுத்துக்கொள்வதில் நல்ல பங்கு இருபதாம் நூற்றாண்டுச் சிமெண்ட்.

அவர் எழுப்பிய மதமும் ஓரளவு அப்படித்தான். 1903-இல் நோசஸில் தரைக்கடியில் இருந்த கல்பெட்டிக் குழிகளில் ஃபையன்ஸ் என்ற பளபளப்புப் பூச்சுப் பொருளால் செய்த பெண் உருவங்கள் உடைந்து கிடைத்தன. மார்பு திறந்த சட்டை, அடுக்குப் பாவாடை, கையில் பாம்பு. இரண்டு கையிலும் பாம்பைத் தூக்கிப் பிடித்தபடி, தலையில் பூனை உட்கார்ந்திருக்க நிற்கிறாளே, அந்தச் சின்ன உருவம் எல்லோருக்கும் தெரியும். உலக வரலாற்றுப் புத்தகம் எதுவானாலும் அவள் இருப்பாள். கிடைத்தபோது அவளுக்குத் தலையே இல்லை, ஒரு கையும் போயிருந்தது. முகம் எவன்ஸின் ஓவியர் செய்து வைத்தது. தொப்பியும் பூனையும் வேறு துண்டுகளிலிருந்து எடுத்துப் பொருத்தியவை. அந்த முகத்தை வைத்துத்தான் நூறு வருடமாக மினோவரின் தாய்த்தெய்வம் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறோம்.

இதைவிட நல்ல கதை ஒன்று உண்டு. நோசஸில் கிடைத்த ஓவியத் துண்டுகளைச் சேர்த்து, குங்குமப்பூ பறிக்கும் பையன் என்று ஒரு படத்தை முழுமையாக்கினார்கள். நீல நிறத்தில் ஒரு பையன். பிற்பாடு யாரோ கவனித்தார்கள், துண்டில் ஒரு வால் இருக்கிறது. பையன் இல்லை, குரங்கு! தேரா தீவின் அக்ரோதிரியில், எரிமலைச் சாம்பலுக்கடியில் இருந்து 1967 முதல் வெளிப்பட்ட ஓவியங்களில் அதே நீலக் குரங்குகள் குதித்துக்கொண்டிருந்ததும் சந்தேகம் சுத்தமாகத் தீர்ந்தது. ஸ்டாக் லிஸ்டில் பொருளைத் தப்பாக எழுதிவிட்டு வருடக்கணக்கில் அப்படியே கொண்டுபோவது எங்கள் தொழிலிலும் நடக்கும். ஆகவே நான் எவன்ஸை அதிகம் திட்டமாட்டேன்.

அதே அக்ரோதிரியில் ஒரு சுவரில் இளம்பெண்கள் குங்குமப்பூ பறிக்கிறார்கள், கூடையில் கொண்டுவந்து கொட்டுகிறார்கள். மேடைமேல் ஒரு பெண் அமர்ந்திருக்கிறாள். அவளுக்குப் பின்னால் கழுகுத்தலைச் சிங்கம். முன்னால் ஒரு நீலக் குரங்கு பூவை எடுத்து நீட்டுகிறது. அவள் தெய்வம் என்பதில் பெரிதாகச் சண்டை இல்லை. கழுகுத்தலைச் சிங்கத்தைப் பின்னால் நிறுத்திக்கொண்டு மனுஷி யாரும் உட்கார முடியாது. அவள் பெயர் என்ன என்று கேட்டால்தான் கையை விரிக்க வேண்டும்.

சிலையையும் ஓவியத்தையும் விட எனக்கு நம்பிக்கை தருபவை மலை உச்சிகள். நோசஸிலிருந்து தெற்கே பார்த்தால் யூக்தாஸ் மலை தெரியும், ஏறக்குறைய 800 மீட்டர். படுத்திருக்கும் ஒரு தாடிக்காரரின் முகம் போல இருக்கும். கிரேக்கரின் தலைமைக் கடவுள் ஜீயஸ் அங்கேதான் புதைக்கப்பட்டார் என்று கிரீட்காரர்கள் பின்னால் கதை கட்டினார்கள். உச்சியில் ஒரு பாறைப் பிளவு, பக்கத்தில் பலிமேடை. பிளவுக்குள்ளும் சுற்றிலும் மினோவர் போட்டுவிட்டுப் போன காணிக்கைகள். இதுபோல மலை உச்சிக் கோயில்கள் தீவு முழுக்க உண்டு. கிழக்குக் கோடியில் பெட்சோஃபாஸ் குன்றில் 1903-இல் தோண்டியபோது சுட்ட மண் பொம்மைகள் குவியல் குவியலாக வந்தன. கையை மார்பில் வைத்துக் கும்பிடும் ஆண்கள், பெரிய தொப்பி வைத்த பெண்கள், ஆடு, மாடு. அப்புறம் தனிக் கால், தனிக் கை, பாதி உடம்பு. சிலவற்றில் கட்டித் தொங்கவிட ஓட்டை.

அந்தக் கால் பொம்மையைப் பார்த்தபின் எனக்கு விளக்கவுரை எதுவும் தேவைப்படவில்லை. காலில் நோவு வந்தவர் வேண்டிக்கொண்டு மலை ஏறியிருக்கிறார், அல்லது குணமானபின் நேர்த்திக்கடன் செலுத்த ஏறியிருக்கிறார். அதற்கு அரண்மனை தேவையில்லை, தங்கம் தேவையில்லை, கைப்பிடி மண் போதும். பெட்சோஃபாஸில் மண் வண்டுகளும் கிடைத்திருக்கின்றன, கொம்பு வைத்த பெரிய வண்டு. பயிரை வண்டு அழித்ததா, வண்டே சாமியின் வாகனமா என்று அறிஞர்கள் எழுதியிருப்பதெல்லாம் ஊகம்தான். வண்டைச் செய்தவருக்கு ஒரு கவலை இருந்தது என்று மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

இந்த மலைக்கோயில்களில் கல்லால் செய்த சின்னப் படையல் தட்டுகளும் கிடைக்கின்றன. சிலவற்றில் லீனியர் ஏ என்ற மினோவர் எழுத்து. அந்த எழுத்து வாசிக்கப்படவில்லை என்று சொல்வது முழுக்கச் சரியில்லை. அதன் பல குறிகள் பின்னால் வந்த லீனியர் பி எழுத்தில் இருக்கின்றன, அந்த ஒலிகளைக் கொடுத்து உரக்கப் படித்துப் பார்க்கலாம். பல தட்டுகளில் ‘யா-சா-சா-ரா-மே’ என்ற தொடர் திரும்பத் திரும்ப வருகிறது. அம்மன் பெயரா, ‘காப்பாற்று’ என்ற வேண்டுதலா, ‘இதை ஏற்றுக்கொள்’ என்பதா? மினோவரின் பிரார்த்தனை ஒன்று நம் வாயில் வருகிறது, அர்த்தம் மட்டும் வர மறுக்கிறது. ஒருநாள் இரவு வீட்டில் சத்தமாகச் சொல்லிப் பார்த்தேன். மனைவி என்ன என்று கேட்டாள். எனக்கும் தெரியாது என்றேன்.

மினோவர் சாந்தமான, பூவும் டால்பினும் வரைந்துகொண்டிருந்த ஜனங்கள் என்ற எண்ணமும் எவன்ஸ் காலத்துச் சரக்கு. 1979-இல் யூக்தாஸ் மலைச் சரிவில் அனெமோஸ்பிலியா என்ற இடத்தில் யானிஸ் சாகெல்லராகிஸும் எஃபி சபூனா-சாகெல்லராகியும் ஒரு சிறு கட்டடத்தைத் தோண்டினார்கள். கி.மு. 1700 வாக்கில் பூகம்பத்தில் இடிந்தது. உள்ளே நான்கு எலும்புக்கூடுகள். அதில் 18 வயது மதிக்கத்தக்க இளைஞன் ஒரு மேடைமேல் ஒருக்களித்துக் கிடந்தான், கால்கள் கட்டப்பட்டது போல மடங்கியிருந்தன. அவன்மேல் 40 சென்டிமீட்டர் நீள வெண்கலக் கத்தி. பக்கத்தில் வெள்ளியும் இரும்பும் சேர்ந்த மோதிரம் போட்ட ஓர் ஆள், ஒரு பெண். நடைவழியில் இன்னொருவர், அருகே நொறுங்கிய பாத்திரம். நிலநடுக்கத்தை நிறுத்த நரபலி கொடுத்துக்கொண்டிருந்தபோதே கூரை விழுந்துவிட்டது என்றார்கள் தோண்டியவர்கள். கத்தி மேல்தளத்திலிருந்து விழுந்த ஈட்டிமுனை, பையன் பூகம்பத்தில் மாட்டியவன் என்று மறுப்பவர்களும் இருக்கிறார்கள். அந்தத் தோண்டல் நடந்த அதே சமயத்தில் நோசஸ் ஊரில் ஒரு வீட்டில் பீட்டர் வாரன் என்ற தொல்லியலாளர் குழந்தைகளின் எலும்புகளைக் கண்டெடுத்தார், சதையை அறுத்த கத்திக் கீறல்களோடு. அதன் காலம் கி.மு. 1450 வாக்கு. இதற்கு மென்மையான விளக்கம் தேடித் தேடிப் பார்த்தேன். எலும்பு காய்ந்தபின் இரண்டாம் முறை அடக்கம் செய்யும் வழக்கம் என்று ஒன்று சொல்கிறார்கள். இருக்கலாம்.

கி.மு. 1450 என்ற அந்த எண் முக்கியம். அந்த வாக்கில் கிரீட்டில் அரண்மனைகளும் மாளிகைகளும் வரிசையாக எரிந்தன. நோசஸ் மட்டும் தப்பியது. பாலைகாஸ்ட்ரோ ஊரில் ஓர் இளந்தெய்வத்தின் சிலை இருந்தது. அரை மீட்டர் உயரம், நீர்யானைத் தந்தத்தில் உடம்பு, தங்கத்தில் ஆடை, படிகத்தில் கண். கை நரம்புகூட தெரியும்படி செதுக்கியிருக்கிறார்கள். அதை யாரோ எடுத்து அடித்து நொறுக்கி வீசியிருக்கிறார்கள்; துண்டுகள் சில மீட்டர் தூரத்துக்குச் சிதறி, எரிந்து கிடந்தன. பூகம்பம் சிலையை முகத்தில் அடிப்பதில்லை. அப்புறம் நோசஸில் கணக்கு எழுதும் மொழி மாறிவிடுகிறது. எழுத்தின் உருவம் கிட்டத்தட்ட பழையதே, மொழி கிரேக்கம். நிர்வாகம் கைமாறிய கடை என்றால் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். அலமாரி அதே, சாவி அதே, நோட்டு மட்டும் புதுசு.

அந்தப் புது நோட்டுதான் லீனியர் பி. அதை வாசித்த கதை பலரும் சொன்னது, ஆகவே சுருக்கமாகச் சொல்கிறேன். நியூயார்க்கில் ஆலிஸ் கோபர் என்ற பேராசிரியை போர்க்காலக் காகிதப் பஞ்சத்தில் வாழ்த்தட்டை ஓரம், சர்ச் அறிவிப்புத் தாள் என்று கிடைத்த காகிதத்தையெல்லாம் வெட்டி ஏறக்குறைய 1,80,000 சீட்டுகளில் குறிகளைப் பதிந்து, சிகரெட் அட்டைப்பெட்டிகளில் அடுக்கி வைத்தார். சொற்களின் முடிவு மாறுவதை வைத்து இது வேற்றுமை உருபு ஏறும் மொழி என்று நிறுவினார். 1950-இல் இறந்துபோனார். அவர் போட்ட அஸ்திவாரத்தில் நின்று 1952-இல் மைக்கேல் வென்ட்ரிஸ் என்ற கட்டடக் கலைஞர், வயது 29, இது கிரேக்கம் என்று கண்டுபிடித்தார். மொழியறிஞர் ஜான் சாட்விக் சேர்ந்துகொண்டார். நம்பாதவர்களை வாயடைத்தது தொல்லியலாளர் கார்ல் பிளேகன் பைலோஸில் எடுத்த ஒரு பாத்திரக் கணக்கு. வென்ட்ரிஸின் ஒலிகளைப் போட்டால் ‘முக்காலி’ என்று படிக்க வருகிறது, பக்கத்திலேயே முக்காலிப் பாத்திரத்தின் படம். மூன்று காது, நான்கு காது, காதில்லாதது என்று சாடிகளின் படங்களும் சொற்களோடு பொருந்தின. அதே பலகையில் ஒரு முக்காலியைப் பற்றி ‘கால்கள் எரிந்துவிட்டன’ என்று குறித்திருக்கிறார் எழுதியவர். உடைசல் சரக்கையும் விடாமல் கணக்கில் கொண்டுவந்த மனுஷர்.

வாசித்ததும் பலருக்கு ஏமாற்றம். ஹோமரின் காலத்துக்கும் முந்தைய காவியம் வரும் என்று காத்திருந்தார்கள். வந்தது ஆடு, கோதுமை, எண்ணெய், நூல். எனக்கு ஏமாற்றமே இல்லை. நோசஸ் கணக்கில் மட்டும் ஒரு லட்சத்துக்கு நெருக்கமான ஆடுகள். ஒரு நோசஸ் கணக்கில் உழவு மாடுகளை ஜோடி ஜோடியாகப் பெயரோடு எழுதியிருக்கிறார்கள்: கெலைனோஸ், அதாவது கருப்பன், வொனோக்சோஸ், திராட்சை மதுவின் நிறத்தவன். ராணியின் பெயர் போய்விட்டது, மாட்டின் பெயர் நிற்கிறது.

இந்தச் சரக்கு விவரங்களுக்கு நடுவில்தான் சாமிகள் வருகிறார்கள், எண்ணெய்ப் பற்றுதாரராக, தேன் பற்றுதாரராக. ஜீயஸ், ஹேரா, பொசைடான், ஹெர்மீஸ் எல்லோரும் ஆஜர். நோசஸில் அதானா என்ற இடத்தின் தலைவி என்று ஒருத்தி. பிற்கால அதீனா அவளாக இருக்கலாம். கிழக்கிலிருந்து பிற்காலத்தில் வந்து சேர்ந்த வேற்றுச் சாமி என்று கிரேக்கர்களே கதை சொன்ன டயோனிசஸ் அப்போதே பட்டியலில் இருக்கிறார், பைலோஸிலும் கிரீட்டின் கானியாவிலும். கானியாவில் ஜீயஸோடு சேர்ந்து அவருக்கும் தேன். மினோவர் குகைகளில் கும்பிட்ட பிரசவ தெய்வம் எலெய்த்தியாவுக்கு அம்னிசோஸ் துறைமுகத்தில் ஒரு சாடி தேன். காற்றுகளின் பூசாரிணிக்கு எண்ணெய். டிக்தே மலை ஜீயஸுக்கு எண்ணெய். சிறகு கட்டிப் பறந்த தச்சன் டேடலஸின் பெயரில் ஒரு கோயில், அதற்கும் எண்ணெய். பைலோஸில் பெரிய சாமி பொசைடான், ஜீயஸ் இரண்டாம் இடம்தான். பொசைடானுக்கும் ஜீயஸுக்கும் பெண்பால் வடிவங்கள் தனியே இருக்கின்றன: பொசிதயா, திவியா. பிற்காலத்தில் இந்த இருவருமே கிட்டத்தட்டக் காணாமல் போய்விட்டார்கள்.

எல்லாவற்றுக்கும் மேலே பொட்னியா. உடையவள், தலைவி என்று பொருள். நாச்சியார் என்றால் இன்னும் பொருந்தும். குதிரைகளின் நாச்சியார், தானியத்தின் நாச்சியார், லாபிரிந்த்தின் நாச்சியார். மொழி மாறி, ஆட்சி மாறிய பின்னும் தீவின் பழைய அம்மனுக்குத் தனிச் சாடி போகிறது. தொடக்கத்தில் சொன்ன பலகையில் எனக்குப் பிடித்தது அதுதான். லாபிரிந்த் என்றால் கட்டடமா, நடனத் திடலா, குகையா? எருதுமுக மனிதனை அடைத்த சுற்றுவழிக் கதையெல்லாம் எழுத்தில் வருவது பல நூற்றாண்டு கழித்து. பலகையில் இருப்பது ஓர் இடம், அங்கே ஒருத்தி, அவளுக்குத் தேன்.

சமூகம் எப்படி இருந்தது என்பதையும் இதே கணக்குகள்தான் காட்டிக்கொடுக்கின்றன. உச்சியில் வனாக்ஸ், அரசர். அடுத்து லவகெத்தாஸ், பெரும்பாலும் படைத்தலைவர் என்று எடுத்துக்கொள்கிறார்கள். அரசருக்கு விதைப்பாட்டுக் கணக்கில் 30 பங்கு நிலம், லவகெத்தாஸுக்கு 10. ‘பாசிலெவ்ஸ்’ என்ற சொல் பிற்காலக் கிரேக்கத்தில் ராஜா. இங்கே அவர் உள்ளூர் மேஸ்திரி மாதிரி, வெண்கலக் கொல்லர்களைப் பார்த்துக்கொள்கிறவர். அரண்மனைகள் எரிந்து வனாக்ஸ் போனபின், மிஞ்சியிருந்த மேஸ்திரி ராஜாவாகிவிட்டார். கீழ்த்தட்டில் பைலோஸ் அரண்மனையைச் சேர்ந்த சுமார் 750 பெண்கள், ஏறக்குறைய அதே எண்ணிக்கையில் பிள்ளைகள். நூற்கிறவர்கள், நெய்கிறவர்கள், மாவு அரைக்கிறவர்கள். மிலேட்டஸ் பெண்கள், லெம்னோஸ் பெண்கள், நைடோஸ் பெண்கள் என்று கடலுக்கு அந்தப் பக்கத்து ஊர்ப் பெயரில் குழுக்குழுவாக. ஒரு குழுவுக்குச் ‘சிறைப்பட்டவர்கள்’ என்றே பெயர். கோதுமையும் அத்திப்பழமும் படி அளந்திருக்கிறார்கள், பிள்ளைக்குத் தாயின் பங்கில் பாதி. அவர்களின் சாமிகளுக்கு என்ன அளந்தார்கள் என்று எந்தப் பலகையும் சொல்லவில்லை.

அதே பைலோஸில் வேறு மாதிரிப் பெண்களும் உண்டு. பக்கியானா என்ற கோயில் ஊரில் எரித்தா என்று ஒரு பூசாரிணி. அவள் பெயரில் ஒரு நிலம். ‘இது தெய்வத்துக்காக நான் வைத்திருக்கும் நிலம்’ என்கிறாள் அவள், நம் சொல்லில் தேவதானம். ‘இல்லை, இது ஊர்ப் பொதுநிலத்தில் சாதாரணக் குத்தகை’ என்கிறது தாமோஸ், அதாவது ஊர்ச்சபை. குத்தகை என்றால் கொடுக்க வேண்டியது இருக்கும், தேவதானம் என்றால் சலுகை. கணக்கர் இரண்டையும் எழுதி வைத்துவிட்டார்: அவள் இப்படிச் சொல்கிறாள், ஊர் அப்படிச் சொல்கிறது, விதைப்பாடு இவ்வளவு.

இதில் ஒரு நயம் உண்டு. இந்த வழக்கு இரண்டு பலகைகளில் வருகிறது. ஒன்று தனிச் சிட்டை, மற்றது பல சிட்டைகளைச் சேர்த்து எழுதிய பேரேடு. சிட்டையில் ‘பூசாரிணி’ என்று மட்டும் இருக்கிறது, பெயர் இல்லை, எதிர்ப்பவர்கள் ‘நிலக்காரர்கள்’. பேரேட்டுக்கு வரும்போது பூசாரிணிக்கு எரித்தா என்று பெயர் வந்துவிடுகிறது, நிலக்காரர்கள் ‘தாமோஸ்’ ஆகிவிடுகிறார்கள். பக்கத்து வயல்காரர்களின் முணுமுணுப்பு ஊரின் அதிகாரபூர்வ வாதமாக மாறிய தருணம் அந்த இரண்டு பலகைகளுக்கு நடுவில் இருக்கிறது. சிட்டையிலிருந்து பேரேடு ஏற்றும்போது சொல் மாறுவது சும்மா நடக்காது. யாரோ மேலே உட்கார்ந்து ‘இப்படிப் போடு’ என்று சொல்லியிருக்கிறார்கள். 3,200 வருடம் கழித்து அந்த ஆளை நான் அடையாளம் கண்டுகொள்கிறேன். எங்கள் கடையிலும் ஒருவர் இருந்தார்.

எரித்தாவுக்கு அடுத்த வரியில் கார்பதியா, கோயில் சாவி வைத்திருப்பவள். அவளிடமும் பொதுநிலம் இருக்கிறது, அதற்கான கடமையைச் செய்ய வேண்டியவள், ‘ஆனால் செய்வதில்லை’. அவ்வளவுதான் குறிப்பு. கோயில் சாவி இடுப்பில் தொங்கும்போது ஊர்ச்சபை என்ன செய்துவிடும் என்று இருந்திருப்பாள் போல. இன்னொரு பலகையில் ‘புனிதத் தங்கத்தின் பொருட்டுப் பூசாரிணியின் அடிமைகள்’ என்று குறைந்தது 14 பெண்கள். ‘கடவுளின் அடிமை’ என்ற பட்டத்தோடு நிலம் வைத்திருந்தவர்களும் நிறையப் பேர். அடிமை என்ற சொல்லே கோயில் வாசலைத் தாண்டியதும் வேறு அர்த்தம் எடுத்துக்கொள்கிறது. அரசரோடும் ஊரோடும் முட்டிக்கொள்ளாமல் கோயில் இருந்ததாகத் தெரியவில்லை. மூவரும் ஒரே வயலில்தான் நின்றிருக்கிறார்கள்.

சேர்ந்து உண்பதும் உண்டு. பொசைடானின் விருந்துக்கு யார் யார் என்ன தரவேண்டும் என்று ஒரு பலகை. அரசராக இருக்கலாம் என்று கருதப்படும் எகெலவோன் ஒரு காளை, கோதுமை, மது, பத்து பாலாடைக்கட்டி, தேன். ஊர் இரண்டு ஆட்டுக்கடா, ஐந்து பாலாடைக்கட்டி, கோதுமை, மது, தடவிக்கொள்ள எண்ணெய். லவகெத்தாஸ் இரண்டு கடா, மாவு, மது. கொடைக்கு வரி பிரித்த நோட்டு. அதே அரண்மனையில் ஆவண அறைப் பக்கம் மாடுகளின் தாடை எலும்பும் தொடை எலும்பும் எரிந்த நிலையில் கிடைத்தன. சதையைச் சீவிவிட்டுக் குறிப்பிட்ட எலும்புகளை மட்டும் தேவர்களுக்கென எரித்திருக்கிறார்கள். சதை யாருக்கு? வந்தவர்களுக்குத்தான். எரித்த எலும்பை ஏன் கணக்கறைக்கு எடுத்து வந்தார்கள் என்றால், பலி நடந்ததற்குச் சாட்சி காட்ட என்று ஒரு கருத்து. வவுச்சர் இணைக்கப்பட்டுள்ளது.

இனி இன்னொரு பலகை, டிஎன் 316. பைலோஸ் கணக்குகளிலேயே அசிங்கமாக எழுதப்பட்டது இது. இரண்டு பக்கமும் கிறுக்கல், அழித்து எழுதியது, வரி போட்டுவிட்டு நிரப்பாமல் விட்டது. உள்ளடக்கம்: பக்கியானாவிலும் பிற கோயில்களிலும் காணிக்கை. பொட்னியாவுக்குத் தங்கக் கிண்ணம் ஒன்று, பெண் ஒருத்தி. பொசிதயாவுக்குத் தங்கப் பாத்திரம் ஒன்று, பெண் ஒருத்தி. ஜீயஸுக்குத் தங்கப் பாத்திரம் ஒன்று, ஆண் ஒருவன். ஹேராவுக்கு ஒன்று, பெண் ஒருத்தி. ஹெர்மீஸுக்கு ஒன்று, ஆண் ஒருவன். ஜீயஸின் மகன் திரிமியோஸ் என்று பிற்காலம் மறந்தே போன ஒரு சாமிக்குப் பாத்திரம் மட்டும். மொத்தம் 13 தங்கப் பாத்திரம், 8 பெண்கள், 2 ஆண்கள். பெண் தெய்வத்துக்குப் பெண், ஆண் தெய்வத்துக்கு ஆண்.

அந்தப் பத்துப் பேர் என்ன ஆனார்கள்? சாட்விக் நரபலி என்று சந்தேகப்பட்டார். கி.மு. 1180 வாக்கில் பைலோஸ் எரிந்தது. எதிரி கடல்வழியாக வருகிற பதற்றத்தில் கடைசிக் கையிருப்பையும் தெய்வங்களுக்குக் கொட்டியிருக்கிறார்கள், அதனால்தான் கையெழுத்து இப்படி என்றார். அதே சமயத்துப் பலகைகளில் ‘கரையைக் காக்கும் காவலர்கள்’ பட்டியல் இருக்கிறது, ஈட்டிமுனை செய்வதற்குக் கோயில் வெண்கலத்தைச் சேகரிக்கும் கணக்கு இருக்கிறது. இன்று பலர் இதை ஏற்பதில்லை. பாத்திரத்தை ஏந்திச் சென்றவர்கள், அல்லது கோயில் ஊழியத்துக்கு விடப்பட்டவர்கள் என்கிறார்கள். எனக்கு இரண்டாம் கட்சிதான் சரியாகப் படுகிறது. கிறுக்கல் கையெழுத்தை வைத்து உலகம் அழிகிறது என்று முடிவுக்கு வர வேண்டுமானால் என் மார்ச் மாதச் சிட்டைகளைப் பார்த்து எத்தனை ராஜ்ஜியம் எரிந்தது என்று சொல்வார்களோ! பலகையின் தொடக்கத்திலேயே ஒரு மாதத்தின் பெயர் இருக்கிறது. வருடா வருடம் அந்த மாதம் வரும், ஊர்வலம் வரும், அவசரமாக யாராவது எழுதுவார்கள். ஆனாலும் ஒன்று உறுத்துகிறது. பின்பக்கத்தின் அடியில் ‘பைலோஸ்’ என்று தலைப்பு மட்டும் பெரிதாக எழுதி, கீழே வரிகளை வெறுமையாக விட்டிருக்கிறார். அடுத்த கோயிலின் கணக்கு வரவேண்டியது, வரவில்லை.

இந்தப் பலகைகள் எதையும் நிரந்தரமாக வைக்கும் எண்ணமே அவர்களுக்கு இல்லை. சூளையில் சுடவில்லை, வெயிலில் காயவைத்தார்கள். கிடைத்திருப்பவற்றில் ‘இந்த வருடம்’, ‘போன வருடம்’ என்ற குறிப்புகள்தான் உண்டு. வருடம் முடிந்ததும் களிமண்ணை நனைத்துப் பிசைந்து மறுபடி பலகையாக்கியிருப்பார்கள் போலிருக்கிறது. அரண்மனை எரிந்தபோதுதான் அந்தப் பச்சை மண் செங்கல் போலச் சுட்டு இறுகியது. சாமிகளின் சிலைகள் நொறுங்கின, பாட்டுகள் பாடினவர்களோடு போயின, எண்ணெயும் தேனும் தீக்குத் தீனியாயின. கடைசிச் சில மாதக் கணக்கு மட்டும் மிச்சம்.

சில பலகைகளின் பின்புறத்தில் மண்ணைத் தட்டிச் சமன் செய்தவரின் உள்ளங்கை ரேகை பதிந்திருக்கிறது. ஏதென்ஸில் அந்தக் கண்ணாடிப் பெட்டி முன்னால் நின்றபோது எனக்கு இது தெரியாது, ஊருக்கு வந்து படித்துத் தெரிந்துகொண்டேன். தெரிந்திருந்தால் குனிந்து பக்கவாட்டில் பார்த்திருப்பேன். மறுபடி போவதாக இருந்தால் மகளிடம் சொல்லி வைத்திருக்கிறேன், தங்க முகமூடிக்கு அவளே வரிசையில் நிற்கட்டும்.